மசாலாக் கடையில் ஓர் அதிபர்

தம்பி வீடு நியூ ஜெர்ஸியில், எடிசனில். முருங்கைக்காயிலிருந்து வடகம் வரை அந்த ஊரில் கிடைக்காத சாமான் இல்லை. இருந்தாலும் நான் ஒரு நாள் நியூயார்க்கைச் சுற்றிவிட்டு வருகிறேன் என்றதும் தம்பி மனைவி சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டாள். "மாமா, லெக்சிங்டன் அவென்யூவில ஒரு கடை இருக்கு. கல்பாசியும் மராட்டி மொக்கும் மட்டும் வாங்கிட்டு வந்துடுங்க. இங்க வாங்கினதுல வாசனையே இல்ல." காரைக்குடிப் பக்கத்துப் பெண். கல்பாசி விஷயத்தில் அவளோடு வாதாடிப் பயனில்லை.

பென் ஸ்டேஷனில் இறங்கி, 28-ஆம் தெரு வழியாகக் கிழக்கே நடந்தேன். அந்தப் பகுதிக்கு மரே ஹில் என்று பெயர். நம் நாட்டுச் சாப்பாட்டுக் கடைகள் வரிசையாக வந்துவிட்டதால் 'கறி ஹில்' என்று கேலியாக ஒரு பெயரும் ஒட்டிக்கொண்டது. கதவு எண் 123. கலஸ்டியன்ஸ் என்ற கடை. 1944-ல் ஓர் ஆர்மீனியர் தொடங்கியது. உள்ளே போனதும் சீரகம், ஏலக்காய், காய்ந்த எலுமிச்சை எல்லாம் கலந்த ஒரு வாசனை. தரையிலிருந்து கூரை வரை பொட்டலங்கள். கல்பாசியைத் தேடிக் கண்டுபிடிக்கவே அரை மணி நேரம் ஆனது. மராட்டி மொக்கு கண்ணில் படவில்லை.

வெளியே வந்து பையைச் சரிசெய்யும்போதுதான் வாசலை ஒட்டி இருந்த தகட்டைப் பார்த்தேன். அமெரிக்காவின் 21-ஆவது அதிபர் செஸ்டர் ஆலன் ஆர்தர் இந்த வீட்டில்தான் பதவியேற்றாராம். மிளகாய்த்தூள் விற்கிற கட்டடத்திலா? ஃபோனை எடுத்துத் தேட ஆரம்பித்தவன், அங்கேயே ஒரு டீக்கடையில் உட்கார்ந்து ஒன்றரை மணி நேரம் படித்தேன். ஊருக்குத் திரும்பிய பிறகும் படித்துக்கொண்டிருக்கிறேன். இத்தனைக்கும் அமெரிக்கர்களே மறந்துபோன அதிபர் இவர்.

1881 செப்டம்பர் 19, இரவு. துணை அதிபர் ஆர்தர் இந்த வீட்டில்தான் இருந்தார். மனைவி எலன் முந்தைய ஆண்டு ஜனவரியில் நிமோனியாவில் இறந்துபோயிருந்தார். ஆர்தருக்கு அப்போது 51 வயது. நள்ளிரவுக்கு முன்பே செய்தி வந்துவிட்டது: நியூ ஜெர்ஸி கடற்கரையில், எல்பெரான் என்ற இடத்தில், ஜூலையில் சுடப்பட்டிருந்த அதிபர் கார்ஃபீல்டு காலமானார். வாசலில் பத்திரிகைக்காரர்கள் கூடிவிட்டார்கள். ஐயா மேஜை மேல் தலையைக் கவிழ்த்துக் குழந்தைபோல் அழுதுகொண்டிருக்கிறார் என்று வீட்டு வேலைக்காரர் அவர்களிடம் சொல்லியிருக்கிறார். உடனே பதவியேற்றுக்கொள்ளுங்கள் என்று அமைச்சர்களிடமிருந்து தந்தி வந்தது. பிரமாணம் செய்துவைக்க ஒரு நீதிபதி வேண்டுமே! நண்பர்கள் குதிரை வண்டியில் ஊரெல்லாம் தேடி, ஜான் பிரேடி என்ற நியூயார்க் மாநில நீதிபதியைக் கூட்டிவந்தார்கள். பின்னிரவு 2.15 மணிக்கு முன்னறையில் ஒரு சிலர் மட்டும் நிற்க, ஆர்தர் அதிபரானார். நியூயார்க் நகரத்தில் பதவியேற்ற அதிபர்கள் இரண்டே பேர். முதலாமவர் 1789-ல் ஜார்ஜ் வாஷிங்டன். அவர் பதவியேற்ற வால் ஸ்ட்ரீட்டில் பெரிய சிலையும் தூண் வைத்த மண்டபமும் இருக்கின்றன. இவருக்கு ஒரு தகடு. அதைத் தாண்டினால் மசாலா.

எனக்கு ரொம்பப் பிடித்தது அதற்கடுத்து நடந்ததுதான். ஆர்தருக்கு ஏதாவது ஆகிவிட்டால் அடுத்து யார் என்று சொல்ல அன்று ஆளில்லை. மேலவைக்குத் தற்காலிகத் தலைவரைத் தேர்ந்தெடுத்திருக்கவில்லை. கீழவை கூடவே இல்லை, அதனால் சபாநாயகரும் கிடையாது. ஆகவே வாஷிங்டனுக்குப் புறப்படும் முன், மேலவையைக் கூட்டும் அறிவிப்பு ஒன்றை எழுதி, உறைமேல் 'அதிபர்' என்று முகவரியிட்டுத் தபாலில் போட்டுவிட்டார். வழியில் இவர் செத்துவிட்டாலும் அந்தக் கடிதம் போய்ச் சேரும். பத்திரமாகப் போய்ச் சேர்ந்ததும் கிழித்துப் போட்டுவிட்டார். செப்டம்பர் 22-ஆம் தேதி தலைமை நீதிபதி முன்னிலையில் இன்னொரு முறையும் பிரமாணம் எடுத்துக்கொண்டார். முப்பது வருடம் கோப்போடு குடும்பம் நடத்தியவன் நான். எதற்கும் ஒரு நகல் இருக்கட்டும் என்கிற அந்தப் புத்தி எனக்கு நன்றாகவே புரிகிறது.

சரி, அந்த அழுகை எதற்கு? துக்கம் மட்டும் காரணமாக இருந்திருக்காது. பயமும்தான். ஏனென்றால் அந்தக் கொலையில் இவர் பெயரும் அடிபட்டிருந்தது.

ஆர்தர் பிறந்தது 1829-ல், வெர்மான்ட் மாநிலத்தில். அப்பா அயர்லாந்திலிருந்து வந்த பாப்டிஸ்ட் போதகர், அடிமை முறையை எதிர்த்தவர். மகன் வக்கீலாகி நியூயார்க் வந்தார். 1854-ல் எலிசபெத் ஜென்னிங்ஸ் என்ற கறுப்பின ஆசிரியை குதிரை டிராமில் ஏறியதற்காக வலுக்கட்டாயமாக வெளியே தள்ளப்பட்டார். அந்த வழக்கை நடத்தியவர் 25 வயதான ஆர்தர். மறு வருடம் 225 டாலர் நஷ்டஈடு கிடைத்தது. அந்த டிராம் கம்பெனியும் கறுப்பினத்தவரை ஏற்ற ஆரம்பித்தது. மான்ட்கோமரி பேருந்தில் ரோசா பார்க்ஸ் எழுந்திருக்க மறுத்ததற்கு நூறு வருடம் முன்னால் நடந்தது இது.

இதோடு நிறுத்திக்கொண்டால் நல்ல மனிதர் கதை ஆகிவிடும். அப்புறம் அவர் அரசியலுக்குப் போனார்.

போனவர் சிக்கியது ராஸ்கோ கான்க்லிங் என்பவரிடம். நியூயார்க் மாநிலத்தின் செனட்டர். குடியரசுக் கட்சி அங்கே அவர் கைக்குள் இருந்தது. யாருக்கு வேலை, யாருக்கு இல்லை என்பதை அவர் ஆட்கள் முடிவுசெய்வார்கள். வேலை வாங்கியவர்கள் சம்பளத்தில் ஒரு பகுதியைக் கட்சிக்குக் கட்ட வேண்டும். இந்த ஏற்பாட்டின் கஜானா நியூயார்க் சுங்க அலுவலகம். அமெரிக்காவின் சுங்க வருமானத்தில் முக்கால் பங்கு இந்த ஒரு துறைமுகத்தில்தான் வசூலானது. 1871-ல் அதிபர் கிரான்ட் ஆர்தரை அங்கே கலெக்டராக நியமித்தார். நம்மூர் மாவட்டக் கலெக்டர் இல்லை, சுங்க வசூல் கலெக்டர். கீழே சுமார் ஆயிரம் ஊழியர்கள். பிடிபட்ட சரக்கின் அபராதத்தில் அதிகாரிக்கும் சட்டப்படியே ஒரு பங்கு உண்டு. அப்படிச் சேர்ந்து ஒரு வருட வருமானம் 50,000 டாலருக்கு மேல் போனது. அதிபருக்கே அப்போது அவ்வளவு கிடையாது! அலுவலகத்துக்கு வருவது பெரும்பாலும் மதியம் ஒரு மணிக்கு. எண்பது ஜோடி கால்சட்டை வைத்திருந்தார் என்று ஒரு கணக்கு சொல்கிறார்கள்; எண்ணியது யார் என்று தெரியவில்லை. 1878-ல் அடுத்த அதிபர் ஹேஸ், விசாரணைக் குழு வைத்து, இவரைப் பதவியிலிருந்து நீக்கினார்.

நீக்கப்பட்ட அந்த மனிதர் இரண்டே வருடத்தில் துணை அதிபர் வேட்பாளர். 1880-ல் சிகாகோவில் கூடிய கட்சி மாநாட்டில் 36-ஆவது சுற்று வாக்கெடுப்பில் யாரும் எதிர்பார்க்காத கார்ஃபீல்டு தேர்வானார். கான்க்லிங் கோஷ்டியைச் சமாதானப்படுத்த, அந்தக் கோஷ்டியிலிருந்து ஒருவருக்கு இரண்டாம் இடம். கேட்டதும் கான்க்லிங் கொதித்துப்போனார். கொல்லன் உலையிலிருந்து எடுத்த லாடத்தைக் கீழே போடுவதுபோல் அதைப் போட்டுவிடு என்றார். ஆர்தர் அந்த ஒரு தடவை தலைவர் பேச்சைக் கேட்கவில்லை. நான் கனவிலும் நினைத்துப் பார்க்காத கௌரவம் இது என்று சொல்லி ஏற்றுக்கொண்டார். அதுவரை அவர் ஒரு தேர்தலிலும் நின்றதில்லை.

1881 ஜூலை 2-ஆம் தேதி வாஷிங்டன் ரயில் நிலையத்தில் கார்ஃபீல்டைச் சுட்டவன் சார்ல்ஸ் கீட்டோ. தேர்தலில் கட்சிக்காக உழைத்தேன், பாரிஸில் தூதரகப் பதவி கொடு என்று மாதக்கணக்கில் வாசல் வாசலாக அலைந்தவன். பிடிபட்டபோது, தான் கான்க்லிங் கோஷ்டியைச் சேர்ந்தவன் என்றும், இனி ஆர்தர்தான் அதிபர் என்றும் கத்தினான். ஆர்தருக்கும் அவனுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. ஆனால் ஊர் வாயை மூட முடியுமா? கார்ஃபீல்டு 79 நாள் இழுத்துக்கொண்டு கிடந்தார். கழுவாத விரல்களால் டாக்டர்கள் குண்டைத் துழாவியே காயத்தைச் சீழ் பிடிக்க வைத்தார்கள். தொலைபேசி கண்டுபிடித்த கிரகாம் பெல் ஒரு கருவியோடு வந்து தேடியும் குண்டு அகப்படவில்லை. அந்த 79 நாளும் ஆர்தர் பெரும்பாலும் இந்த வீட்டிலேயே, வெளியே தலைகாட்டாமல் இருந்தார்.

அப்போதுதான் ஒரு கடிதம் வந்தது. இதே நகரத்தில் 74-ஆம் தெருவில் வசித்த, நோயாளியான ஜூலியா சாண்ட் என்ற பெண் எழுதியது. அவருக்கு 31 வயது. ஆகஸ்ட் 27 தேதியிட்டது. நீங்கள் அதிபராவதை இந்த நாடு பயத்தோடு பார்க்கிறது என்று முகத்துக்கு நேரே சொல்கிறார். நெருக்கடி வந்தால் மனிதனுக்குள் தூங்கும் நல்ல குணம் விழிக்கும், உங்களிடம் ஒரு பொறி இருந்தால் இதுதான் சமயம், திருந்துங்கள் என்கிறார். முன்பின் அறியாத மனிதருக்கு! அவர் எழுதிய 23 கடிதங்கள் கிடைத்திருக்கின்றன. 1882 ஆகஸ்டில் ஒரு நாள் மாலை முன்னறிவிப்பில்லாமல் ஆர்தர் அந்த வீட்டு வாசலில் போய் இறங்கினார். கடிதங்களைப் படித்துத்தான் இருக்கிறார்.

கடிதம் படித்துத் திருந்தினார் என்று எழுத எனக்கு ஆசைதான். ஆனால் காரணம் அது மட்டும் இல்லை. கீட்டோவின் துப்பாக்கிக்குப் பிறகு சிபாரிசு வேலைமேல் மக்களுக்கு வெறுப்பு வந்திருந்தது. 1882 நவம்பர் தேர்தலில் கட்சி நன்றாக அடி வாங்கியது. எப்படியோ, 1883 ஜனவரி 16-ஆம் தேதி பென்டில்டன் சட்டத்தில் கையெழுத்திட்டவர் ஆர்தர். மத்திய அரசு வேலைகளில் ஒரு பகுதிக்குப் போட்டித் தேர்வு. ஊழியரிடம் கட்சி நிதி கறப்பது குற்றம். ஆரம்பத்தில் சுமார் பத்து சதவீத வேலைகளுக்குத்தான் அது பொருந்தியது. பிறகு விரிந்துகொண்டே போனது. தான் எந்த ஏணியில் ஏறி வந்தாரோ அதையே அறுத்துவிட்டார். நான் தேர்வு எழுதி வேலைக்கு வந்தவன். எங்கள் தெருவில் சிபாரிசுக்காக ஒருவர் வீட்டுத் திண்ணையில் காத்துக் கிடந்தவர்களை எனக்குத் தெரியும். நானே சில நாள் கிடந்திருக்கிறேன். அதனால் இந்தச் சட்டத்தை ஏதோ வரலாற்றுப் பாடம் என்று கடந்துபோக முடியவில்லை.

அதே கையெழுத்துதான் 1882 மே மாதம் சீனத் தொழிலாளர்கள் வரத் தடை விதித்த சட்டத்திலும் இருக்கிறது. முதலில் 20 வருடத் தடை என்று வந்ததைத் திருப்பி அனுப்பினார். 10 வருடமாகக் குறைத்துக் கொண்டுவந்தபோது போட்டுவிட்டார். வந்தேறிகள் கடை போட்டுப் பிழைக்கும் தெருவில் உட்கார்ந்து அதைப் படித்தபோது டீ கசந்தது.

எழுந்து இரண்டு தெரு தள்ளி மேடிசன் ஸ்கொயர் பூங்காவுக்கு நடந்தேன். வடகிழக்கு மூலையில் ஆர்தர், வெண்கலத்தில், ஒரு நாற்காலிக்கு முன்னால் நிற்கிறார். 1899-ல் வைத்த சிலை. கன்னத்தில் அந்தப் பெரிய கிருதா. தோள்மேல் ஒரு புறா. அதே பூங்காவின் தென்கிழக்கு மூலையில் கான்க்லிங்! இவருக்கு முன்பே, 1893-ல் வந்துவிட்டார். ஆர்தர் அதிபரானதும் கான்க்லிங் கேட்ட முதல் காரியம், தன் எதிரியான புதிய சுங்கக் கலெக்டரைப் பதவியிலிருந்து தூக்கு என்பது. ஆர்தர் மறுத்துவிட்டார். உச்ச நீதிமன்ற நீதிபதி பதவி கொடுத்துப் பார்த்தார். மேலவை ஒப்புதலும் கிடைத்த பிறகு கான்க்லிங் வேண்டாம் என்றார். 1888 மார்ச்சில் பெரும் பனிப்புயல். வண்டிக்காரன் ஐம்பது டாலர் கேட்டானாம். கொடுக்க மறுத்து வால் ஸ்ட்ரீட்டிலிருந்து இந்தப் பக்கம் வரை இடுப்பளவு பனியில் நடந்தே வந்து விழுந்தவர், அடுத்த மாதம் இறந்துபோனார். ஒரு மூலையிலிருந்து மற்ற மூலைக்கு நான் மெதுவாக நடந்தே மூன்று நிமிடம்தான் ஆனது.

ஆர்தர் அதற்கு முன்பே போய்விட்டார். அதிபராக இருக்கும்போதே சிறுநீரக நோய்; வெளியே சொல்லவில்லை. 1884-ல் கட்சி மறுபடி வாய்ப்புத் தரவில்லை. 123-ஆம் எண் வீட்டுக்கே திரும்பிவந்து, 1886 நவம்பர் 18-ஆம் தேதி, 57 வயதில் அங்கேயே இறந்தார். அதற்குச் சற்று முன்பு தன் காகிதங்களைப் பீப்பாய் பீப்பாயாக எரிக்கச் சொல்லியிருக்கிறார். சுங்க அலுவலகக் கணக்கு, கட்சிக் கடிதங்கள் எல்லாம் சாம்பல். ஜூலியா சாண்டின் கடிதங்கள் மட்டும் எப்படியோ தப்பின. பேரனிடம் இருந்து 1958-ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்துக்குப் போய்ச் சேர்ந்தன.

74-ஆம் தெருவையும் பார்த்துவிடலாம் என்று ரயில் நிலையம் தேடும்போது ஃபோன் வந்தது. "மாமா, கல்பாசி கிடைச்சுதா?" கிடைத்தது என்றேன். "மராட்டி மொக்கு?" திரும்பவும் 123-க்கு நடந்தேன்.