எடையில்லாத கேமரா

மார்ச் 3

லைட் மீட்டரைப் பையை விட்டு எடுக்கவே இல்லை. நடிகர்களின் அசைவைக் கணினியில் பதிந்து அனிமேஷன் பாத்திரங்களுக்குக் கொடுக்கும் பெர்பாமன்ஸ் கேப்சர் தளத்தில் அதற்கு வேலை கிடையாது. மேலே சுற்றிலும் கம்பிச் சட்டத்தில் அகச்சிவப்புக் கேமராக்கள், எங்கும் ஒரே சீரான வெளிச்சம். நடிகர்களின் இறுக்கமான உடையில் ஒளியைத் திருப்பியடிக்கும் சின்ன உருண்டைகள். டேக்குக்கு முன்னால் கைகளை விரித்துச் சிலுவைபோல நிற்கிறார்கள். எந்த உருண்டை எந்த மூட்டு என்று கணினி புரிந்துகொள்ள அது வேண்டும். மேஜை, நாற்காலி எல்லாம் வெறும் கம்பி வலை. பலகையென்றால் உருண்டைகளை மறைத்துவிடுமாம். இருபது வருஷம் ஆக்‌ஷன் படங்களில் கேமராவோடு கார்களைத் துரத்திய ஒளிப்பதிவாளனுக்கு இங்கே சாய்ந்து உட்கார ஒரு நாற்காலி இல்லை.

மார்ச் 5

மாடிப்படியில் கட்டிப் புரளும் சண்டை. மூன்றாவது டேக் ஓகே ஆனதும், பழக்கதோஷத்தில் "லென்ஸ் மாற்றிடலாமா?" என்று கேட்டுவிட்டேன். எல்லோரும் சிரித்தார்கள். இங்கே முதலில் நடிப்பு; அகலமாகக் காட்டும் 21 எம்.எம். லென்ஸா, கிட்டே இழுக்கும் 75-ஆ என்பதை அடுத்த மாதம்கூட முடிவு செய்யலாம்.

நிஜப் படத்தில், குத்து மேலே படவில்லை என்பது தெரியாத கோணத்தைப் பிடிப்பதுதான் என் பாதி வேலை. இங்கே கேமரா எந்தப் பக்கமிருந்தும் வரலாம், எதையும் ஒளிக்க முடியாது. அதனால் ஸ்டன்ட் ஆட்கள் இன்னும் நெருங்கி அடிக்கிறார்கள். பாவம்.

மார்ச் 6

உதிர்ந்த உருண்டைகளை ஒட்டுவதிலேயே அரை நாள் போனது.

மார்ச் 11

ஒருவழியாகக் கையில் கேமரா கொடுத்தார்கள். கேமரா என்று சொல்லலாமா தெரியவில்லை: இரண்டு கைப்பிடி வைத்த ஒரு திரை, அதன்மேலும் உருண்டைகள். அதைப் பிடித்துக்கொண்டு காலி அறையில் நடந்தால், போன வாரச் சண்டை திரைக்குள் மறுபடி நடக்கிறது. அளவைப் பத்து மடங்காக்கினால் நான் ஓரடி வைக்க உள்ளே பத்தடி போகிறது. கிரேன் வேண்டாம். ஆனால் கைநடுக்கமும் பத்து மடங்கு!

பறந்தேன், சுவருக்குள் புகுந்து வெளியே வந்தேன். சாயங்காலம் போட்டுப் பார்த்தால் ஒரு ஷாட்டிலும் உயிரில்லை.

மார்ச் 12

ராத்திரி படுத்தபடி யோசித்ததில் பிடிபட்டது. தோளில் கேமரா இருக்கும்போது நடிகர் திரும்பிய பிறகுதான் நான் திரும்புவேன். நேற்று அடி எங்கே விழும் என்பது எனக்கு மனப்பாடம். அடிக்கு முன்பே கேமரா அங்கே போய்க் காத்திருந்தது.

2004-இல் வந்த 'த போலார் எக்ஸ்பிரஸ்' படத்துக்கு டான் பர்ஜஸ், ராபர்ட் பிரெஸ்லி இருவரும் ஒளிப்பதிவு. பர்ஜஸ் 2002-இல் 'ஸ்பைடர்மேன்' எடுத்தவர். 'போலார் எக்ஸ்பிரஸ்' இதே முறையில் எடுத்த அனிமேஷன்; அதில் நிஜக் கேமராவைத் திருப்பும் கைச்சக்கரங்களையே கணினியோடு இணைத்து உள்ளேயிருந்த கேமராவை ஓட்டினார்கள். எதற்கு இந்தப் பழைய சாமான் என்று அப்போது நினைத்தவன் நான்.

மார்ச் 14

திரைக்குக் கீழே நாலு கிலோ மணல் பை கட்டினேன். அளவு ஒன்றுக்கு ஒன்று. ஒவ்வொரு பிரேமும் எவ்வளவு நேரம் ஒளி வாங்கும் என்பதைத் தீர்மானிக்கும் ஷட்டரை 180 டிகிரியிலிருந்து 45-க்குக் குறைக்கச் சொன்னேன். நொடிக்கு 24 பிரேமில் அது 1/48 நொடியிலிருந்து 1/192. அசைவின் கலங்கல் குறைந்து ஒவ்வொரு அடியும் வெட்டி வைத்ததுபோல் வந்தது. அப்புறம், நான் இதுவரை பார்க்காத ஒரு டேக்கை ஓடவிடச் சொன்னேன்.

படியில் உருண்டவர் சட்டென்று பிரேமை விட்டே போய்விட்டார். தடுமாறித் தேடிப் பிடித்தேன். இயக்குநர் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டார். கணினியில் இருந்த பையன் மட்டும், "சார், அந்த இடத்தைச் சரி பண்ணிடவா?" என்றான். வேண்டாம் என்றேன். சரி என்று தலையாட்டிவிட்டு, சரி பண்ணின பிரதி ஒன்றையும் ஓரமாக எடுத்து வைத்துக்கொண்டான்.