நாற்சார்

இரசாயனவியல் மாஸ்டர் காலமான செய்தி வட்ஸ்அப் குழுவில் வந்த அன்றே மலர்க்குழு என்னிடம் கட்டுரை கேட்டது. தொலைக்காட்சியில் முகம் காட்டியவன் என்பதைத் தவிர எனக்கு வேறு தகுதியில்லை.

1976இல் விடுதியில் வயிற்றோட்டம் பரவியதை நம் வகுப்பு மறந்திருக்காது. மூலைக் கிணறுதான் காரணம் என்று சுவர்ப் பத்திரிகையில் கொட்டை எழுத்தில் எழுதினேன். இரண்டு நாள் அங்கே ஒருவரும் வாளி இறக்கவில்லை. என் நடையே மாறிவிட்டது. மூன்றாம் நாள் காலைக் கூட்டத்தில் மாஸ்டர் என்னை மேடைக்கு அழைத்தார்.

"அந்தத் தண்ணீரைக் குடித்து விழுந்தவர் எத்தனை பேர்?"

ஒன்பது என்றேன்.

"குடித்தும் விழாதவர்? குடிக்காமலே விழுந்தவர்? குடிக்காமல் சுகமாக இருப்பவர்?"

விழித்தேன். கரும்பலகையில் நான்கு கட்டம் கீறி, ஒன்றில் மட்டும் 9 என்று எழுதினார். "மற்ற மூன்றும் வெறுமை. எதை வைத்துக் கிணற்றை மூடினாய், தம்பி?" மண்டபம் சிரித்தது. அன்று மாலையே எனக்கு நாற்சார் என்று பட்டம் விழுந்தது. வைத்தவர் யார் என்று எனக்குத் தெரியும். அவர் இந்த மலரை வாசிப்பார்.

பிறகு இலண்டனில் சுகாதாரச் செய்தியாளனாகப் பிழைத்தேன். 1990இல் விவசாய அமைச்சர் கமராக்களுக்கு முன்னால் தன் சிறுமகளுக்குப் பர்கர் நீட்டினார். மாட்டிறைச்சிக்குப் பயப்படாதீர்கள் என்பது பொருள். 1996 மார்ச்சில், மாட்டு மூளை நோய் மனிதருக்கும் தொற்றியிருக்கலாம் என்று சுகாதார அமைச்சர் நாடாளுமன்றத்தில் ஒப்புக்கொண்டார். அதன்பின் அரசு எதைச் சொன்னாலும் எங்களுக்குப் பொய்யாகவே கேட்டது.

அந்தச் செவியோடுதான் 1998இல் மருத்துவர் ஆன்ட்ரூ வேக்ஃபீல்டின் ஆய்வேட்டை எடுத்தேன். லான்செட் மருத்துவ இதழில் வந்தது. மொத்தம் 12 பிள்ளைகள். சின்னமுத்து, கூகைக்கட்டு, ருபெல்லா தடுப்பூசிக்கும் ஓட்டிசத்துக்கும் தொடர்பு இருக்கலாம் என்ற சந்தேகம். தாயொருத்தி அழுதார்; படம்பிடித்தேன், ஒளிபரப்பினேன். ஊசி போட்டும் ஒன்றும் ஆகாத பிள்ளைகள், போடாமலே ஓட்டிசம் வந்தவர்கள் எத்தனை பேர் என்று ஒருவரையும் கேட்கவில்லை. மேடையில் நின்று அவமானப்பட்ட அதே ஆள்!

2010இல் லான்செட் அதைத் திரும்பப் பெற்றது. 2012இன் இறுதியில் தொடங்கி அடுத்த ஆண்டு வரை வேல்ஸின் சுவான்சிப் பகுதியில் 1,200 பேருக்கு மேல் சின்னமுத்து. ஊசிக்கு வரிசையில் நின்ற விடலைகளிடம் ஒலிவாங்கியை நீட்டியபோது, இவர்கள் கைக்குழந்தைகளாக இருந்த காலத்தில் நான் என்ன ஒளிபரப்பினேன் என்று கணக்குப் பார்த்தேன்.

2014இல் ஊருக்குப் போய் மாஸ்டரைக் கண்டேன். சுவான்சியைப் பற்றி விரிவாகச் சொன்னேன். 1998ஐ விழுங்கிவிட்டேன். தேநீர் தந்தார், குளிரைப் பற்றி விசாரித்தார். வாய்க்கு வாய் 'நீங்கள்' என்றார். நாற்சார் என்று கூப்பிடுவார் என்றுதான் போயிருந்தேன்.