தேசிப் புழு தின்றதும் கறையான் தின்றதும்

மாரி மழை ஓய்ந்து, வளவுக்குள் கால் புதையாமல் நடக்க முடிகிறது. காய்ந்த இலையைக் கட்டி மண்ணில் போட்டிருந்த வலைப்பைகளில் கடைசித் தொகுதியையும் எடுத்துக் காய வைத்து நிறுத்தாயிற்று. இலையின் சக்தி யார் யாருக்குப் போகிறது என்று முல்லைத்தீவில் ஒட்டுசுட்டான் பக்கம் எங்கள் வளவில் ஓய்வு நேரத்தில் நிறுத்துப் பார்த்து வந்த வேலையில் ஒரு கட்டம் முடிந்திருக்கிறது. கொப்பியில் கிறுக்கி வைத்ததை இப்போதே ஒழுங்காக எழுதாவிட்டால் பிறகு எனக்கே விளங்காது.

புல்லை வெட்டுக்கிளி தின்னும், வெட்டுக்கிளியைத் தவளை, தவளையைப் பாம்பு, பாம்பைப் பருந்து. ஒவ்வொரு படியிலும் உள்ள சக்தியில் பத்து வீதம்தான் மேலே போகும். இது பள்ளிக்கூடம் போன எல்லோருக்கும் தெரியும். மிச்சத் தொண்ணூறு வீதத்துக்குப் பக்கத்தில் ஓர் அம்புக்குறி போட்டு 'வெப்பம்' என்று எழுதியிருப்பார்கள். அந்த அம்புக்குறிதான் எனக்கு உறுத்தல். மரத்தைப் பார்த்தால் இலை பழுத்து விழுகிறது, மாட்டைப் பார்த்தால் சாணி போடுகிறது. இதெல்லாம் எப்படி வெப்பமாயிற்று? சரி, நிறுத்தே பார்த்து விடுவோம் என்று இறங்கினேன்.

கிணற்றடித் தேசிமரத்தில் வண்ணத்துப்பூச்சிப் புழுவுக்குப் பஞ்சமில்லை. சின்னதில் கறுப்பும் வெள்ளையுமாகக் குருவி எச்சம் மாதிரியே இருக்கும். கடைசித் தோல் கழற்றியதும் இலைப் பச்சை. தொட்டால் தலைக்குப் பின்னாலிருந்து செம்மஞ்சள் கொம்பு இரண்டை வெளியே தள்ளும், புளித்த தேசித்தோல் நாற்றம் மூக்கில் ஏறும். கடைசிப் பருவத்துப் புழுக்கள் சிலவற்றை ஐஸ்கிரீம் பெட்டிகளில் தனித்தனியாக விட்டேன். அந்தப் பருவத்தில்தான் புழு தன் வாழ்நாள் தீனியில் பெரும்பங்கைத் தின்கிறது. இரவில் காது கொடுத்தால் எச்சம் பெட்டி அடியில் 'டிக்' என்று விழுவது கூடக் கேட்கும்.

கொடுத்த இலை, மிஞ்சிய இலை, எச்சம், புழு என்று நான்கையும் நிறுக்க வேண்டும். நகைக்கடையில் பாவிக்கிற மாதிரியான சின்ன டிஜிற்றல் தராசு இதற்குப் போதும். பூச்சிகளின் தீனிக் கணக்கை இப்படி நிறுத்துப் பிடிக்கும் முறைகளை வால்ட்பவர் என்ற பூச்சியியலாளர் 1968இல் தொகுத்து எழுதினார். அதன் வழிதான் நானும் போனேன். தொல்லை தருவது தண்ணீர். பச்சை இலை சும்மா கிடந்தே வாடி நிறை குறையும், அதைப் புழுவின் கணக்கில் எழுதி விடக் கூடாது. அதனால் ஒவ்வோர் இலையையும் நடு நரம்போடு இரண்டாகப் பிளந்து ஒரு பாதியைப் புழுவுக்குப் போட்டு, மறுபாதியைத் தகரத்தில் பரப்பி வெயிலில் காய வைத்தேன். நிறை இனிக் குறையாது என்று ஆனதும் அதை வைத்து மற்றப் பாதியின் உலர்நிறையைக் கணக்கிடலாம். புரட்டாதி வெயிலுக்கு வேறு அடுப்புத் தேவையில்லை. புழுவைக் காய வைக்க மட்டும் மனம் வரவில்லை. புழுவின் உடம்பில் நூற்றுக்கு எண்பதுக்கு மேல் தண்ணீர் என்பது பொதுவான கணக்கு. அதை வைத்தே மதிப்பிட்டேன்.

உலர்நிறையில் பார்த்தால், தின்ற இலையில் பாதிக்கு மேல் எச்சமாகவே பெட்டி அடியில் கிடந்தது. புழுவின் உடம்பாக மாறியது ஏறத்தாழ ஆறில் ஒரு பங்கு. இரண்டையும் கழித்தால் வருவதுதான் புழு மூச்சு விட்டும் அசைந்தும் உடம்பை நடத்தியும் எரித்த பங்கு, அதாவது உண்மையான வெப்பம். நான் எதிர்பார்த்ததை விட அது குறைவு. எச்சத்துக்குள் போன சக்தி எங்கேயும் போய்விடவில்லை. காய்ந்த எச்சத்தைச் சிரட்டைக் கரியில் போட்டால் நன்றாகவே எரிகிறது.

கூட்டுப்புழுவான ஒன்றிலிருந்து வண்ணத்துப்பூச்சி வரவில்லை. ஓட்டில் குண்டூசித் துளை ஒன்று விழுந்து, அது வழியாகக் கொசுவை விடச் சின்னக் குளவிகள் வரிசையாக வெளியே வந்தன. தாய்க்குளவி கூட்டுப்புழுவில் முட்டையிட்டு, குஞ்சுகள் உள்ளே இருந்தே தின்று முடித்திருக்கின்றன. பாம்பும் பருந்தும் இல்லாமலே அடுத்த படி ஐஸ்கிரீம் பெட்டிக்குள் நடந்து முடிந்து விட்டது.

இந்த ஆறில் ஒரு பங்கைப் பாடப்புத்தகத்துப் பத்து வீதத்தோடு நேரே ஒப்பிட முடியாது. இது ஒரு புழு தின்ற இலைக்குள் மட்டும் போட்ட கணக்கு. மரம் முழுவதையும் எடுத்தால், புழுக்களெல்லாம் சேர்ந்து தின்றது கண்மதிப்பாகப் பத்தில் ஒரு பங்கு இலை கூட இராது. மற்றதெல்லாம் யார் வாயிலும் படாமல் பழுத்து விழுந்தது. இந்தப் படிக்கணக்கை முதலில் ஒழுங்காகப் போட்டவர் ரேமண்ட் லிண்டெமன். அமெரிக்காவின் மினசோட்டாவில் ஒரு சின்னச் சதுப்பு ஏரியை ஆராய்ந்து எழுதினார். அவருடைய கட்டுரை முதலில் திருப்பி அனுப்பப்பட்டு, பிறகு 1942இல் வெளிவந்தது. அச்சில் பார்க்க அவர் உயிரோடு இல்லை. அந்த ஏரியில் தாவரங்கள் பிடித்தது விழுந்த வெயிலில் 0.10 வீதம், அதில் தாவர உண்ணிகளுக்குப் போனது 13.3 வீதம், அவை பெற்றதில் அவற்றைத் தின்றவற்றுக்கு 22.3 வீதம். பத்து என்பது பல இடங்களின் கணக்கைச் சேர்த்துப் பார்க்கும்போது மனதில் நிற்கக் கூடிய ஓர் எண், அவ்வளவுதான். இயற்கையின் சட்டம் போல அதை மனப்பாடம் செய்விப்பது எனக்குப் பிடிப்பதில்லை.

ஆக, கணக்கின் பெரிய பகுதி விழுந்த இலையில் கிடக்கிறது. அதைப் பின்தொடரத்தான் இலைப்பை.

இலையை நிறுத்து வலைப்பைக்குள் கட்டி நிலத்தில் போட்டு, காலம் கழித்து எடுத்து மறுபடி நிறுப்பது 1950களிலிருந்து சூழலியலாளர்கள் செய்து வரும் வேலை. பையின் கண் பெரிதா சிறிதா என்பதில்தான் சூட்சுமம். பெரிய கண் என்றால் கறையான், மண்புழு, மரவட்டை எல்லாம் உள்ளே போகும். சிறிய கண் என்றால் பூஞ்சணமும் பக்ரீரியாவும் பொடிப் பூச்சிகளும்தான். பெரிய கண்ணுக்கு வெங்காயம் வரும் சிவப்பு வலைச் சாக்கு, சிறியதற்கு இரண்டாக மடித்த நுளம்பு வலை. நைலோன் தங்கூசியால் தைத்தேன், நூல் என்றால் உக்கி விடும். இலக்கத்தைச் சோடா டின்னிலிருந்து வெட்டிய தகட்டில் ஆணியால் கீறினேன், மை மழைக்கு நிற்காது. ஒவ்வொரு பைக்கும் காய்ந்த இலை 10 கிராம்: பாலை, தேக்கு, முருங்கை. மழைக்கு முன் எடுக்க ஒரு தொகுதி, மழைக்குப் பின் எடுக்க ஒரு தொகுதி. வளவின் கோடியில் நிற்கும் பாலைமரத்தடியில் வைத்து, கோழி கிளறாமல் இலந்தை முள்ளை மேலே போட்டேன்.

அம்மாவுக்கு இது துப்புரவாகப் பிடிக்கவில்லை. "கூட்டி அள்ளிக் கொளுத்திற குப்பையைத் தைச்சு வைக்கிறியே தம்பி, உதுக்குள்ள பாம்பு கிடந்தா ஆர் பாக்கிறது?" பாம்பு வரவில்லை. ஓணான் ஒன்று மட்டும் முள்ளின் மேல் குடியேறி, அந்தப் பக்கம் வந்த எறும்புகளைப் பொறுக்கிக் கொண்டிருந்தது.

மழைக்கு முன் எடுத்த நுளம்பு வலைப் பைகளில் மாற்றமே இல்லை என்று சொல்லலாம். பாலை இலை வைத்தபடியே மொறுமொறுவென்று இருந்தது. ஈரம் இல்லாமல் பூஞ்சணத்தால் எதுவும் செய்ய முடியாது. வெங்காயச் சாக்குப் பைகளைத் தூக்கியபோதுதான் வேடிக்கை. பாரம் இருந்தது, ஆனால் பிரித்தால் இலையைக் காணோம். இலையின் மேல் கறையான் மண்ணை மெழுகி, அந்தக் கூரைக்குக் கீழே இருந்து தின்றிருக்கிறது. தேக்கில் நரம்பு மட்டும் சல்லடையாக மிச்சம். மண்ணைக் கழுவி உலர்த்தி நிறுத்தபோது பல பைகளில் பாதி கூட இல்லை. மழை இல்லாத மாதங்களில் வன்னிக் காட்டில் இலை உக்குவதே கறையானால்தான் என்று நான் முடிவு கட்டியது இதைப் பார்த்துத்தான். தன் ஈரத்தைத் தானே நிலத்துக்கு அடியிலிருந்து கொண்டு வருகிற பிராணி அது.

மழைக்குப் பின் கதை மாறி விட்டது. முருங்கை இரண்டு வகைப் பையிலும் இல்லாமலே போய்விட்டது. காம்பு சில மிஞ்சின. பாலை இலையில் வெள்ளை நூலாகப் பூஞ்சணம் படர்ந்திருந்தாலும், நுளம்பு வலைக்குள் பாதிக்கு மேல் அப்படியே கிடந்தது. தடித்த இலையில் லிக்னின் (மரத்துக்கு உறுதி தரும் பொருள்) கூட, நைதரசன் குறைவு. நுண்ணுயிர்களுக்கு அது கடிக்கக் கடினமான தீனி.

லிக்னின் கறையானுக்கும் கடினம்தான். நம் பக்கத்துப் புற்றுக் கறையான் அதற்கு வழி வைத்திருக்கிறது. தின்ற இலையை அரைகுறையாகவே செரித்து, எச்சத்தைப் புற்றுக்குள் தேன்கூடு போலக் கட்டி, அதில் ஒரு பூஞ்சணத்தை வளர்க்கிறது. பூஞ்சணம் லிக்னினை உடைத்துத் தர, கறையான் அதையும் சேர்த்துத் தின்கிறது. மழைக்குப் புற்றில் முளைக்கும் காளான் அந்தத் தோட்டத்துப் பூஞ்சணத்தினுடையதுதான். நாம் கறி வைத்துச் சாப்பிடுகிறோம்.

முதல் மழைக்கு அடுத்த மாலை ஈசல், அதாவது இறகு முளைத்த கறையான், கிளம்பியது. வாசல் விளக்கைச் சுற்றி இறகுக் குப்பை. தூணில் பல்லிகள், படியில் தவளைகள், மறுநாள் விடிய முற்றம் முழுக்கக் கோழி, வேலியில் கரிக்குருவி. தவளை ஒன்று விழுங்க முடியாமல் வாயோரம் இறகு துருத்தத் துருத்த அடுத்ததை எட்டிப் பிடித்தது. படத்தில் வெட்டுக்கிளி தின்கிற அதே தவளைதான். அன்றைக்கு அதன் வயிற்றில் இருந்தது செத்த இலையின் சக்தி. காட்டுக்குள் கரடியும் அழுங்கும் புற்றைக் கிண்டுவதும் இதே தீனிக்காகத்தான். பச்சை இலையில் தொடங்கும் சங்கிலிக்கும் செத்த இலையில் தொடங்கும் சங்கிலிக்கும் நடுவில் வேலி எதுவும் இல்லை என்பது இந்த வேலையில் எனக்குக் கிடைத்த பெரிய விளக்கம்.

இதன் அளவைக் காட்ட ஒரு நல்ல கணக்கு உண்டு. புளோரிடாவின் சில்வர் ஸ்பிரிங்ஸ் ஊற்றை ஆராய்ந்து ஹோவர்ட் ஓடம் 1957இல் வெளியிட்டது. ஒரு சதுர மீற்றருக்கு ஓர் ஆண்டில் தாவரங்கள் பிடித்தது 20,810 கிலோகலோரி. தாங்களே சுவாசித்தது போக மிஞ்சியது 8,833. தாவர உண்ணிகளுக்கு 3,368, ஊன் உண்ணிகளுக்கு 383, உச்சியில் இருந்தவற்றுக்கு 21. உக்கச் செய்யும் உயிர்களுக்குப் போனதோ 5,060. படங்களில் ஓரத்தில் ஒரு காளானாக வரையப்படுகிறவை தாவர உண்ணிகளை விடக் கூடுதலாக வாங்கியிருக்கின்றன.

கடைசியில் எல்லாம் வெப்பமாகத்தான் போகிறது, அந்த அம்புக்குறி பொய் இல்லை. போகிற வழி நீளம் என்பதைத்தான் அது சொல்லாமல் விடுகிறது. வெப்பத்தைக் கையால் தொட வேண்டுமென்றால் கூட்டெருக் குவியல் இருக்கிறது. பச்சைச் சாணியும் வைக்கோலும் கிளிரிசிடியா இலையும் அடுக்கி நனைத்துவிட்டு, சமையல் வெப்பமானியை நடுவில் குத்தி வைத்தேன். சில நாளில் 50 பாகையைத் தாண்டியது. கையை விட்டால் வைத்திருக்க முடியவில்லை. அத்தனையும் நுண்ணுயிர்களின் மூச்சு.

வெட்டு மெசின் போன பிறகு வயலில் வைக்கோலைக் கொளுத்துவதை இந்தக் கணக்கோடு பார்த்தால் வேறு மாதிரித் தெரிகிறது. கறையானும் மண்புழுவும் மாதக் கணக்கில் உண்டு வாழ வேண்டிய சக்தி ஒரு பின்னேரத்தில் புகையாகிறது. நைதரசனும் அதோடு காற்றில் போய்விடும். பொட்டாசியம் சாம்பலில் நிற்கும். நெற்பயிர் எடுக்கும் பொட்டாசியத்தில் பெரும்பங்கு வைக்கோலில்தான் இருக்கிறது. சக்தி ஒருமுறை போனால் போனதுதான், அடுத்த வெயிலைப் பிடித்தால்தான் உண்டு. சத்துக்கள் சுற்றி வரக் கூடியவை, நாம் விட்டால். பக்கத்து வயல் அண்ணையிடம் சொன்னேன். "கொளுத்தாமல் உழுதால் பயிர் மஞ்சளாகுது தம்பி" என்றார். அவர் சொல்வதும் சரி. வைக்கோல் உக்கும்போது நுண்ணுயிர்கள் மண்ணின் நைதரசனைத் தங்களுக்கு எடுத்துக் கொள்ளும். விதைக்கப் பல கிழமைகள் முன்னரே உழுது விட்டால் அது திரும்பி வரும், ஆனால் மழை எப்போது வரும் என்று அவருக்கு யார் சொல்வது?

அடுத்த கட்டம் முத்துஐயன்கட்டுக் குளத்து ஓரம். கோடையில் தண்ணீர் இறங்கினால் குளத்துத் தரையில் புல் முளைக்கும், மாடும் எருமையும் மேய்ந்து சாணி போடும். மாரியில் அத்தனையும் நீருக்குள் போய் உக்கும். 1952இல் இலங்கைக்குக் கொண்டு வந்த திலாப்பியா பாசியையும் இந்த உக்கலையும் தின்றே பெருகும். விரால் மற்ற மீன்களைத் தின்கிற மீன், ஒரு படி மேலே இருக்கிறது. சந்தையில் திலாப்பியா குவிந்து கிடக்க, விரால் எப்போதாவது வருவதற்கு இதுவும் ஒரு காரணம். கோடைப் புல்லையும் காய்ந்த சாணியையும் பைகளில் கட்டி, செங்கல் பாரம் வைத்து நீருக்குள் இறக்குவதாக இருக்கிறேன். கரையோரத்தில் பைகள் தாமரைக் கொடியில் சிக்காத இடம் ஒன்றை ஒரு மீன்பிடிகாரர் காட்டித் தந்திருக்கிறார். தங்கூசி இன்னும் ஒரு சுற்று வாங்க வேண்டும்.