எட்டு வாரம் எப்போது தொடங்குகிறது?

ஹைகோர்ட்டின் மதுரைக் கிளையில் வக்கீல் குமாஸ்தாவாக இருப்பதால் ஊரிலிருந்து வரும் போன்களில் பாதி இந்தக் கேள்விதான்: "தாசில்தார் ஆபீஸ்ல மனு குடுத்து வருஷமாச்சு தம்பி. ஹைகோர்ட்டுக்குப் போனா பட்டா வந்துருமா?"

பட்டா வராது, பதில் வரும் என்றால் யாருக்கும் பிடிப்பதில்லை.

அரசியலமைப்பின் 226-வது பிரிவில் ரிட், அதாவது அதிகாரிக்கு உத்தரவிடக் கேட்கும் மனு, போடுகிறோம். அரசு வக்கீல் நோட்டீஸ் வாங்கிக்கொள்வார். பெரும்பாலும் அன்றைக்கே வழக்கு முடிந்துவிடும். நிலம் யாருடையது என்பதற்குள் நீதிபதி போகமாட்டார். மனுவைச் சட்டப்படி, தகுதியின் அடிப்படையில் பரிசீலித்து, எதிர்த்தரப்புக்கும் வாய்ப்புக் கொடுத்து, உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து எட்டு வாரத்துக்குள் தாசில்தார் முடிவெடுக்க வேண்டும் என்று உத்தரவு வரும். சில சமயம் பன்னிரண்டு வாரம். அவ்வளவுதான். கட்சிக்காரர் ஊருக்குப் போய் "கேஸ் ஜெயிச்சாச்சு" என்று சொல்லிவிடுவார்.

கவனிக்க வேண்டியது அந்த 'நகல் கிடைத்த நாள்'. தீர்ப்பு சொன்ன நாளிலிருந்து எட்டு வாரம் எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருப்பவர்கள் நிறைய. காப்பி அப்ளிகேஷன் போட்டு, சான்றிட்ட நகல் வாங்கி, அதை ஆபீஸில் சேர்த்ததற்கு அத்தாட்சி வைத்திருந்தால்தான் கணக்கே ஓடும்.

உட்பிரிவு பட்டா கேட்ட பெரியவர் ஒருவர் நகலைத் தானே கொண்டுபோய்க் கொடுத்தார். "வச்சுட்டுப் போங்க" என்றார்களாம். முத்திரை கேட்கக் கூச்சம். கெடு தாண்டியதும் கோர்ட் உத்தரவை மதிக்கவில்லை என்று அவமதிப்பு மனு போடலாம் என்று விசாரித்தால், நகலே வரவில்லை என்கிறார்கள். மறுபடி தபாலில் அனுப்பி, ஒப்புகை கையில் வந்த பிறகுதான் காலண்டரில் குறித்தோம். அவமதிப்பு மனுவுக்கும் ஒரு வருஷக் கெடு உண்டு என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன்.

பழைய கதையைப் புதுப்பிக்கவும் இந்த வழி உதவாது. வேலை போய்ப் பதினெட்டு வருஷம் கழித்து மனு கொடுத்தவரின் வழக்கு ஒன்று நம் மாநிலக் கனிமவளத் துறை சம்பந்தப்பட்டது. சி. ஜேக்கப் வழக்கு என்பார்கள். பரிசீலிக்கச் சொன்னதாலேயே செத்துப்போன கோரிக்கைக்கு உயிர் வந்துவிடாது என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

அப்புறம், பெரியவருக்கு உத்தரவு வந்தது. நிராகரிப்பு. பங்காளி ஆட்சேபித்திருக்கிறார், சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று ஒரு பக்கம். "இதுக்கா இவ்வளவு செலவு?" என்று என்னிடம் கோபித்துக்கொண்டார். நியாயமான கோபம்தான். மனுவைப் படித்துப் பதில் எழுத ஓர் அலுவலகத்துக்கு ஹைகோர்ட் உத்தரவு தேவைப்படுவதே அநியாயம். ஆனால் மனு கிடப்பில் கிடந்தவரை அவர் எதை எதிர்த்து அப்பீல் போயிருக்க முடியும்? இப்போது காரணம் எழுதிய, கையெழுத்துப் போட்ட தாள் இருக்கிறது. அதை வைத்து வருவாய்க் கோட்டாட்சியரான ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு போட்டிருக்கிறோம். பங்காளிக்கும் நோட்டீஸ் போயிருக்கிறது. இந்த முறை தபால் பிரிவில் முத்திரை விழும்வரை பெரியவர் நகரவே இல்லை.