வட்டிக்குத் தடையில்லை

கூட்டுறவு வங்கியொன்றின் சட்டப்பிரிவில் பல ஆண்டுகள் இருந்தேன். பெயர்தான் சட்டப்பிரிவு, பாதி நாள் கோப்புக் கட்டுகளைச் சுமக்கும் வேலை. தவணை தவறினால், 1983ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் 90ஆம் பிரிவின்படி துணைப்பதிவாளரிடம் தாவா போடுவோம். தீர்ப்பாணை வரும். பிறகு அதைச் செயல்படுத்தக் கேட்கும் நிறைவேற்று மனு, ஜப்தி அறிவிப்பு. அதுவரை அசையாத கடன்தாரர், கதவில் நோட்டீஸ் ஒட்டிய அன்றுதான் வக்கீலைத் தேடிப் போவார். சிவில் நீதிமன்றத்துக்குப் போக 156ஆம் பிரிவு வழிவிடாது. மிஞ்சுவது மேல்முறையீடு, இல்லையென்றால் எங்களுக்கு உத்தரவு போடச் சொல்லி உயர்நீதிமன்றத்தில் ரிட் மனு. 2004இல் உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை வந்தது. சென்னைக்கு ரயிலேறும் அலைச்சல் எங்களுக்கும் குறைந்தது, அவர்களுக்கும் குறைந்தது.

வீட்டு அடமானத்தில் 3 லட்சம் வாங்கியிருந்த தறிக்காரர் ஒருவர், 50,000 ரூபாய் கட்டவேண்டும் என்ற நிபந்தனையோடு ஏலத்துக்குத் தடையாணை பெற்றார். பணத்தைக் கட்டிய கையோடு என் மேசைக்கு வந்து, "இனிமேல் யாரும் என் வீட்டுப் பக்கம் வரமுடியாது, தம்பி" என்றார். முகத்தில் அப்படியொரு நிம்மதி. தடை ஏலத்துக்குத்தான், வட்டிக்கு இல்லை என்பது எனக்குத் தெரியும். 14 சதவீதத்தில், அபராத வட்டி சேராமலே நாளுக்கு 115 ரூபாய் ஏறிக்கொண்டிருந்தது. நான் வாயைத் திறக்கவில்லை. எதிர்த்தரப்புக்கு யோசனை சொல்வது என் வேலையா என்று அன்று நினைத்துக்கொண்டேன். சோம்பலுக்கும் அதே பெயர்தான்.

இரண்டு ஆண்டுகள் கழித்துத் தடை விலகியது. அவர் கட்டிய 50,000 வட்டிக்கே போதவில்லை.

அந்த நேரம் ஒருமுறைத் தீர்வுத் திட்டம் வந்தது: பாக்கியில் ஒரு பகுதியை வங்கி விட்டுக்கொடுக்கும், மீதியைக் கட்டிக் கணக்கை முடிக்கலாம். விண்ணப்பம் கடைசித் தேதிக்குப் பிறகு வந்ததாகச் சொல்லி எங்கள் கிளையில் தள்ளிவிட்டார்கள். அவர் மீண்டும் மதுரைக்குப் போனார். எட்டு வாரத்துக்குள் பரிசீலித்து உத்தரவிடச் சொன்னது நீதிமன்றம். வெளியில் இதை வெற்றி என்பார்கள். உள்ளே இருப்பவர்களுக்குத்தான் தெரியும்: தள்ளிவிட்ட மேசைக்கே கோப்பு திரும்பி வந்திருக்கிறது, அவ்வளவுதான்.

மேலாளர் ஒரு தீர்ப்பின் நகலை எடுத்து வைத்தார். பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கி வழக்கில் 2021 டிசம்பர் 15 அன்று உச்சநீதிமன்றம் சொன்னது அது: ஒருமுறைத் தீர்வை வழங்கியே ஆகவேண்டும் என்று வங்கிக்கு ரிட் மூலம் கட்டளையிட முடியாது. அலகாபாத் உயர்நீதிமன்ற உத்தரவு அதில் ரத்தானது. "ஒரே வரியில் நிராகரித்துவிடுங்கள்" என்றார்.

அந்தத் தீர்ப்பில் எனக்குக் குறையில்லை. வங்கியில் இருப்பது உறுப்பினர்கள் போட்ட பணம். அதை விட்டுக்கொடுப்பதை வங்கிதான் முடிவு செய்யவேண்டும். ஆனால் முடிவு செய்பவன் தன் பதிவேட்டைப் பார்க்கவேண்டாமா? வரவுத் தபால் பதிவேட்டை எடுத்து வரச் சொன்னேன். கடைசித் தேதிக்கு இரண்டு நாள் முன்பே விண்ணப்பம் பதிவாகியிருந்தது, எங்கள் எழுத்தரின் கையெழுத்திலேயே. தகுதியுண்டு என்று குறிப்பு எழுதினேன். மேலாளர் இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் ஒப்புதல் போட்டார்.

முதல் தவணை கட்ட வந்த தறிக்காரர் ரசீதை வாங்கி, திருப்பி என்னிடமே நீட்டினார்.

"நாள் தவறினால் ஒரு நாளைக்கு எவ்வளவு ஏறும் என்று இதன் பின்னால் எழுதிக் கொடுங்கள், தம்பி."

எழுதிக் கொடுத்தேன்.