ரெக்கார்டு நோட்டில் ஒரு கையெழுத்து

கல்குளம் வட்டாரத்தில் ஒரு மேல்நிலைப் பள்ளியில் வேதியியல் ஆய்வக உதவியாளராகப் பதினோரு வருஷம் இருந்தேன். ப்யூரெட் கழுவணும், அமிலம் நீர்த்து வைக்கணும், மணி அடித்ததும் பூட்டிச் சாவியை ஆபீஸில் கொடுக்கணும். அதோடு என் வேலை முடிந்தது என்றுதான் நினைத்திருந்தேன்.

பிளஸ் டூ வேதியியலில் எழுத்துத் தேர்வுக்கு 70, செய்முறைக்கு 20, அகமதிப்பீட்டுக்கு 10. செய்முறைக்கு வெளியிலிருந்து தேர்வாளர் வருவார், சரி. ஆனால் ரெக்கார்டு நோட்டில் கையெழுத்துப் போடுவது பாட ஆசிரியர்தான். எங்கள் ஆசிரியர் ஒருவர் அந்தக் கையெழுத்தை வைத்தே பிள்ளைகளை ஆட்டிப் படைத்தார். பையன்கள் அவர் பைக்கைக் கழுவினார்கள். பெண் பிள்ளைகளில் ஒருத்தியை மட்டும், "ரெக்கார்டு திருத்தணும், நில்லு" என்பார். வசதியான வீட்டுப் பிள்ளையை அவர் ஒருநாளும் நிறுத்தியதில்லை. கேட்க ஆள் இல்லாத வீடு எது என்று அவருக்குத் தெரிந்திருந்தது.

குளச்சல் பக்கத்துப் பிள்ளை ஒருத்தி. அப்பா ஆழ்கடலுக்குப் போனால் திரும்ப வாரக்கணக்காகும். அம்மாவுக்கு அண்டி ஆபீஸில், அதாவது முந்திரி ஆலையில் வேலை. ஒரு சாயங்காலம் நான் சாவியை எடுத்தபோது, "அக்கா, நான் போறவரைக்கும் நிப்பீங்களா?" என்றாள். நின்றேன். மறுநாள் மீதியைச் சொன்னாள். "அம்மைக்கிட்ட சொல்லாதீங்க அக்கா, படிப்ப நிறுத்திருவாங்க."

தலைமையாசிரியரிடம் போனேன். "பிள்ளை பேரு கெட்டுரும், பரீட்சை முடியட்டும்" என்றார். பிள்ளைகளைப் பாலியல் குற்றங்களிலிருந்து காக்கும் 2012 போக்சோ சட்டத்தின் 19ஆம் பிரிவுப்படி, தெரிந்தவர் புகார் செய்தே ஆகணும். மறைத்தால் எனக்கு ஆறு மாதம் வரை சிறை, பொறுப்பில் இருக்கும் அவருக்கு ஓராண்டு வரை. பிள்ளையின் அடையாளத்தை வெளியிடுவதும் குற்றம். அவள் பேரைக் காப்பாற்றச் சட்டமே இருக்கிறது. இதையெல்லாம் சொல்லிப் பார்த்தேன். அவர் ஃபைலைத் திறந்து வைத்துக்கொண்டார். அன்றைக்கே குழந்தைகள் உதவி எண் 1098க்கு அழைத்தேன். போலீஸ் அக்கா ஒருவர் சாதாரண உடையில் அவள் வீட்டுக்கே போய் வாக்குமூலம் வாங்கினார். அந்த ஆசிரியர் அதன்பிறகு ஆய்வகத்துக்கு வரவில்லை. அவள் பரீட்சை எழுதினாள்.

அதற்கு முந்தின வருஷமும் ஒருத்தியை இப்படித்தான் நிறுத்தி வைத்தார். பாதியில் படிப்பை விட்டுப் போனாள். போவதற்கு முன் ரெண்டு மூன்று சாயங்காலம், நான் பூட்ட வரும்போது வாசலில் தயங்கித் தயங்கி நின்றாள். பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில், என்னம்மா என்று ஒரு வார்த்தை நான் கேட்கவில்லை.