இன்னொரு தடவை என்று கேட்காமல்

மார்ச் 4
மூன்று நாளாகப் பையிலேயே கிடந்த கேமராவை இன்றுதான் மடியில் வைத்துக்கொண்டேன். ஆன் செய்யவில்லை. அதற்கே தையல்கார அக்கா முடியை ஒதுக்கிவிட்டு நேராக உட்கார்ந்துவிட்டார். கூன் போட்டுத் தைக்கிற அவரைத்தான் நான் ஆவணப்படமாக எடுக்க வந்திருக்கிறேன். அவசரமில்லை.

மார்ச் 9
இப்போது கேமரா ஓடுகிறதா இல்லையா என்றே அவர் பார்ப்பதில்லை. நூல் நுனியை நாக்கில் நனைத்து, விரலால் முறுக்கி, ஊசியைக் கண்ணாடிக்கு மேலே தூக்கி, காதில் நுழையாமல் நான்காவது முறை நுழைந்தபோது ஒரு சின்ன மூச்சு விட்டார். ஃபோகஸ் போய்விட்டது. "அக்கா, இன்னொரு தடவை" என்று வாய் வரை வந்தது, அடக்கிக்கொண்டேன். ஒருமுறை கேட்டுவிட்டால் அப்புறம் எதைச் செய்தாலும் எனக்காகச் செய்வார். அந்த மூச்சு போனது போனதுதான்.

மார்ச் 10
நேற்றைய பதிவைப் பார்த்தேன். இரண்டு மணி நேரம், தேறுவது ஆறு நிமிடம். 1960 வாக்கில் தோளில் தூக்கி எடுக்கும் 16 எம்.எம். பிலிம் கேமராவும் அதோடு இசைந்து ஓடும் ஒலிப்பதிவுக் கருவியும் கைக்கு வந்த பிறகுதான் ராபர்ட் ட்ரூ, ரிச்சர்ட் லீகாக் போன்ற ஆவணப்படக்காரர்களால் மனிதர்கள் பின்னாலேயே நடந்து இப்படி எடுக்க முடிந்தது. அந்தக் கேமராவின் 400 அடி பிலிம் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும், அதனால் எப்போது பொத்தானை அழுத்துவது என்பதற்கே முழுக் கவனமும் வேண்டும். என் மெமரி கார்டு மணிக்கணக்கில் ஓடுகிறது, நான் பார்க்காமலேயே பதிவு செய்கிறேன். நாளையிலிருந்து அப்படிக் கூடாது. அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் பிரெடரிக் வைஸ்மன் நேர்காணலும் பின்னணிக் குரலும் இல்லாமல், தானே மைக்கைப் பிடித்துக்கொண்டு படம் எடுத்தார். மைக்கைப் பிடித்திருப்பவருக்குக் காது திறந்தே இருக்கும், எனக்கு அதுதான் வேண்டும்.

மார்ச் 21
போன் வந்தது. "சரி... சரிங்க" என்பதைத் தவிர அக்கா ஒன்றும் பேசவில்லை. மிதியில் இருந்த கால் நின்றுவிட்டது. நான் முகத்துக்குப் போகவில்லை, காலிலேயே இருந்தேன். நாற்பது விநாடி இருக்கும், மறுபடி மெதுவாக மிதித்தார்.
சாயங்காலம் அவரே கேட்டார், "அதை எடுத்தியா?"
"எடுத்தேன்க்கா."
"முகம் தெரியுமா?"
"தெரியாது. கால் மட்டும்தான். வேண்டாம்னா இப்பவே அழிச்சிடறேன்."
கொஞ்ச நேரம் யோசித்தார். "கால்தானே, இருக்கட்டும்."
படத்துக்கு ஒப்புதல் என்று முதல் நாளே கையெழுத்து வாங்கியிருந்தேன். இந்த நாற்பது விநாடிக்கு அது எப்படிப் போதும்?

ஏப்ரல் 2
தொகுத்த இருபது நிமிடத்தை அக்காவுக்குப் போட்டுக் காட்டினேன். போன் வந்த இடத்தில் என்ன சொல்வாரோ என்று மடியில் கை வைத்தபடி உட்கார்ந்திருந்தேன். அவர் திரைக்கு அருகே குனிந்து, "இந்தத் தையல் கோணலாப் போயிருக்கு பாரு. அப்புறம் முழுசாப் பிரிச்சிட்டுத் திரும்பத் தைச்சேனே, அதை எடுக்கலையா?" என்றார்.
எடுக்கவில்லை. அப்போது நான் கார்டு மாற்றிக்கொண்டிருந்தேன்.